காதுக்குள் கெற்றில் கொதித்த அக்காவுக்கு

அக்கா,

இன்று காலை கடையின் பின்கதவைத் திறந்ததும் எள்ளு வறுக்கிற மணம் வந்தது. உள்ளே போய்ப் பார்த்தால், புதிதாக வந்த சமையற்காரர் அடுப்புக்கு முதுகைக் காட்டிக்கொண்டு போனில் கதைத்துக்கொண்டு நிற்கிறார். பாதி எள்ளு கருகிவிட்டது. நீங்கள் நின்றிருந்தால் அந்த மனிசனுக்கு இன்று சனிதான். நான் சிரித்துக்கொண்டு சட்டியை இறக்கி வைத்தேன். கருகினாலும் அது உங்கள் மணம்.

லண்டனில், நியூ மோல்டனில் இந்தக் கொரியன் சாப்பாட்டுக் கடைக் குசினியில் நாங்கள் இரண்டு பேரும் பக்கத்தில் பக்கத்தில் நின்ற காலம் முழுக்க எள்ளு உங்கள் பொறுப்பு. எள்ளு வெடிக்கிற சத்தத்தை வைத்துத்தான் மற்றவர்கள் பதம் பார்ப்பார்கள். நீங்கள் மூக்கால் பார்த்தீர்கள். உங்கள் காதை நீங்கள் நம்புவதில்லை.

உங்கள் ஆட்டைத் திவசம் வருகிறது. உங்கள் மகள் உங்கள் நினைவாக ஒரு சின்னப் புத்தகம் அடிக்கிறாள். ஆளாளுக்கு எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். ஒருத்தர் உங்களை அணையா விளக்கு என்று எழுதியிருக்கிறார். பாவம் நீங்கள், அறைக்கு அறை லைட்டை நிப்பாட்டிக்கொண்டு திரிந்த மனிசி! நான் படித்தது ஐந்தாம் வகுப்பு மட்டும். விளக்கு, தீபம் எல்லாம் எனக்கு வராது. எழுத்துப்பிழை பார்க்கிறேன் என்றாள் மகள். எழுத்தைத் திருத்து, கதையில் கை வைக்காதே என்று சொல்லிவிட்டேன். போன வருசம் நித்திரையிலேயே இதயம் நின்று, ஒருத்தருக்கும் கரைச்சல் கொடுக்காமல் போய்விட்டீர்கள். அதைப் பற்றி மற்றவர்கள் எழுதட்டும். நீங்கள் வென்ற கதையை நான் எழுதுகிறேன்.

கடைக்கு வந்த புதிதில் நீங்கள் செய்த வேலை எனக்கு விளங்கவில்லை. அடுப்பு மூட்ட முன்னமே புகை இழுக்கிற ஃபானைப் போட்டுவிடுவீர்கள். அடுப்பை நிப்பாட்டி, பாத்திரம் கழுவி முடித்த பிறகும் அது ஓடும். ஒருநாள் கேட்டேன்.

"என்னக்கா, ஃபானுக்குக் கலியாணமோ? மேளம் நிக்கவே இல்லை."

நீங்கள் சிரிக்கவில்லை. "சத்தம் இல்லாட்டில் எனக்கு இருக்க ஏலாது. காதுக்குள்ள ஒரு தண்ணிக் கெற்றில் கொதிச்சுக்கொண்டு இருக்குதடி. நிப்பாட்ட ஒரு சுவிச்சும் இல்லை."

லோண்டரியில் கனகாலம் வேலை செய்ததில் வந்தது. ஆஸ்பத்திரிப் படுக்கை விரிப்புகள் தோய்க்கிற ராட்சத மெசின்களுக்கு நடுவே நின்று நின்று, வேலையை விட்ட பிறகும் ஒரு மெசின் உங்களோடு வீட்டுக்கு வந்துவிட்டது. காது டொக்டர் வெட்டவும் ஒன்றுமில்லை, மருந்தும் இல்லை, பழகிக்கொள்ளுங்கள் என்று சொல்லியிருந்தார். இரவில் தலைமாட்டில் ரேடியோ. கோயிலுக்குப் போனால் பூசை நேரம் மட்டும். மணி நின்றதும் வெளியே. "இப்பிடியே போனால் எனக்கு விசர் பிடிச்சிடும்" என்றீர்கள், உள்ளியை உரித்துக்கொண்டு, நாளைக்கு மழை வரும் என்று சொல்வது போல. அன்றைக்கு நான் பகிடி விடவில்லை. அது எனக்கு எவ்வளவு கஷ்டம் என்று உங்களுக்குத் தெரியும்.

ஆரோ சொன்னார்கள் என்று டூட்டிங்கில் ஒரு தியான வகுப்புக்குக் கூட்டிக்கொண்டு போனது நான்தான். ஒரு ஹோலில் எங்கள் ஆட்கள் வரிசையாகக் கதிரையில். வெள்ளை வேட்டி கட்டின ஐயா ஒருவர், "அமைதியைக் கேளுங்கள்" என்றார். எனக்குப் பக்கத்தில் ஒருத்தர் அமைதியைக் கேட்டுக் கேட்டுக் குறட்டை விடத் தொடங்கிவிட்டார். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. உங்களைப் பார்த்தால் நெற்றியெல்லாம் வியர்வை. எழும்பி வெளியே நடந்துவிட்டீர்கள். ஓடிவந்து பிடித்தேன்.

"அமைதி, அமைதி எண்டு அந்தாள் சொல்லச் சொல்ல, உள்ளுக்கை விசிலடிக்குதடி!" உங்கள் கண் நிறைந்திருந்தது. "எல்லாரும் அமைதியா இருந்தால் எனக்கு மட்டும்தான் கேக்கும். என்ர தலையில தியானம் எழுதேல்லை. சாமிக்கும் எனக்கும் நடுவில ஒரு கெற்றில் நிக்குது."

அதோடு தியானம் என்ற சொல்லையே விட்டீர்கள். பிறகு ஒருநாள், உங்களை ஏற்றிப்போக வந்த மகள் கடைக் குளிர்பெட்டியில் ஒட்டியிருந்த நோட்டீஸை வாசித்தாள். "அம்மா, திங்கக்கிழமையில மேல் மாடியில தியானமாம். கொரியன் மியூசிக்கோட."

"அந்தச் சொல்லை என்ர காதில போடாதை. அங்கை இடமில்லை."

நான் விடுவேனா? "மியூசிக் எண்டால் சத்தம்தானே அக்கா. உங்கட கெற்றிலுக்கு ஒரு துணை கிடைக்கும், வாங்கோ."

திங்களில் கடை பூட்டு. மேல் மாடியில் சப்பாத்தைக் கழற்றிவிட்டு நிலத்தில் மெத்தை போட்டு இருந்தார்கள். எங்கள் வயதுக் கொரியன் பெண்கள் சிலர், மொட்டைத் தலையோடு மெலிந்த மனிசன் ஒருத்தர். நடுவே எங்கள் முதலாளியம்மா. குசினியில் ஏப்ரனோடு எங்களைத் திட்டுகிற அதே மனிசி நீளப் பாவாடையும் வெள்ளைக் காலுறையுமாக அரசி போல இருக்கிறா. மடியில் ஒரு நீளப் பலகை.

"அக்கா, முதலாளியம்மா கதவைக் கழட்டி மடியில வைச்சிருக்கிறா."

"சும்மா இரடி, பாக்கினம்."

அது கதவில்லை, கயாகும் என்று பிறகு அறிந்தோம். வீணைக்குத் தூரத்துச் சொந்தம். பலகை முழுக்கப் பட்டு நரம்புகள், ஒவ்வொரு நரம்புக்கும் கீழே முட்டுக்கொடுத்த ஒரு சின்ன மரக்கால். வலது கை நரம்பைச் சுண்டுகிறது. இடது கை மற்றப் பக்கத்தில் அதே நரம்பை அமத்தி, ஆட்டி, விடுகிறது. வலது கை சத்தத்தைப் பெற்றுப் போட, இடது கை அதை வளர்க்கிற மாதிரி. மொட்டைத்தலையர் முன்னால், உடுக்கை நன்றாகச் சாப்பிட்டுக் கொழுத்தது போல ஒரு மேளம். அதன் பெயர் ஜாங்கு.

முதலாளியம்மா ஒரு தடவை சுண்டினா. பிறகு பேசாமல் இருந்தா. மறந்துவிட்டாவாக்கும் என்று நான் நினைத்த நேரம் இன்னொரு தடவை. இழுத்து இழுத்து, ஆறுதலாக, உலகத்தில் ஒரு வேலையும் இல்லாத ஆள் போல. அப்போதுதான் மொட்டைத்தலையர் உரக்கச் சொன்னார்: "சோத்தா!"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. கொஞ்ச நேரத்தில் பின்னால் ஒரு மனிசி: "சோத்தா!"

நீங்கள் என் காதுக்குக் கிட்ட வந்தீர்கள். "எடி, சோத்தைத் தா எண்டெல்லே கேக்கினம்!"

"எனக்கும் அப்பிடித்தான் கேட்டது அக்கா. பசி போல."

"மத்தியானம் சாப்பிடாமலோ வந்தவை? பாவங்கள்."

மூன்றாவது "சோத்தா" வந்ததும் உங்களுக்குப் பொறுக்கவில்லை. எழும்பினீர்கள். எங்கள் இரண்டு பேருக்கும் கட்டிக்கொண்டு வந்த சாப்பாட்டுப் பெட்டியைப் பையிலிருந்து எடுத்து, பாட்டுக்கு நடுவால் நடந்து போய், மொட்டைத்தலையர் முன்னால் வைத்து, மூடியையும் திறந்து விட்டீர்கள். சோறு, பருப்பு, இடிச்ச சம்பல். பாட்டு நின்றது. அந்த மனிசன் பெட்டியைப் பார்க்கிறார், உங்களைப் பார்க்கிறார். முதலாளியம்மா வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரிக்கிறா.

"நோ ரைஸ், ஒன்னி! சோத்தா, குட்! வெரி குட்!"

ஒன்னி என்றால் அவர்களுடைய பாஷையில் பெண்கள் அக்காவைக் கூப்பிடுகிற சொல். எங்கள் காதில் அது எப்போதும் அண்ணி என்றுதான் விழுந்தது. முதலாளியம்மாவின் எந்த அண்ணையைக் கட்டினீர்கள் என்று நான் கேட்காத நாளில்லை. அந்த ஒன்னிக்கு அன்று அவ சொல்லித் தந்தது இதுதான்: அவர்களுடைய பாட்டில் கேட்கிற ஆள் பேசாமல் இருக்கக்கூடாது. நல்லாயிருந்தால் நல்லாயிருக்கு என்று அந்த இடத்திலேயே சத்தம் போட வேண்டும். இல்லாவிட்டால் வாசிக்கிறவருக்குத் தனியே இருக்கிற மாதிரி இருக்குமாம்.

"வாயை மூடத் தேவையில்லாத தியானமோ!" என்றேன் நான். "அக்கா, இது எனக்கெண்டே செய்தது!"

மொட்டைத்தலையர் சோற்றை விடவில்லை, ஞாபகம் இருக்கிறதா? சம்பல் உறைப்பில் மூக்கால் தண்ணீர் ஓட ஓடச் சாப்பிட்டு முடித்து, உங்களைப் பார்த்து, "சோத்தா" என்றார். அன்று நீங்கள் படியிறங்கும்போது சிரித்துக்கொண்டிருந்தீர்கள். ஒரு தியான வகுப்பை விட்டு நீங்கள் சிரித்துக்கொண்டு வெளியே வந்ததை அன்றுதான் பார்த்தேன்.

அதற்குப் பிறகு வந்த ஒரு திங்களில்தான் ஜிங் வந்தது. வட்டப் பித்தளை, எங்கள் கோயில் சேமக்கலத்துக்குப் பெரியம்மா முறை. துணி சுற்றின தடியால் முதலாளியம்மா அதை ஒரு தட்டுத் தட்டினா. ஊங்ங்ங் என்று கிளம்பின சத்தம் அலை மாதிரி எழும்பி எழும்பிப் போனது. கண்ணை மூடிச் சத்தத்துக்குப் பின்னால் போகவேண்டும். சத்தம் முடிந்தால் கையைத் தூக்கவேண்டும். அவ்வளவுதான் தியானம்.

நான் கள்ளி, ஒரு கண்ணைத் திறந்துதான் வைத்திருந்தேன். ஒவ்வொரு கையாக மேலே போனது. மொட்டைத்தலையரின் கை போனது. கடைசியாக முதலாளியம்மாவின் கையும் போனது. உங்கள் கை மட்டும் மடியில். முகத்தைப் பார்த்தேன். எப்போதும் முடிச்சுப் போட்டிருக்கிற உங்கள் நெற்றி இஸ்திரி போட்ட சீலை மாதிரி இருந்தது.

"அக்கா, முடிஞ்சுது. கையைத் தூக்குங்கோ."

"பொறடி. எனக்கு இன்னும் கேக்குது."

எனக்குச் சிரிப்பு வெடித்துவிட்டது. நீங்கள் கண்ணைத் திறந்து எல்லாருடைய கைகளையும் பார்த்தீர்கள். எனக்கு விளங்கிவிட்டது, உங்களுக்கும் விளங்கிவிட்டது. டூட்டிங்கில் மாதிரி எழும்பி ஓடப் போகிறீர்கள் என்று உங்கள் கையைப் பிடித்தேன். நீங்கள் அசையவில்லை.

"எடி," என்றீர்கள் மெதுவாக, "இது எங்க முடிஞ்சது, என்ர கெற்றில் எங்க துடங்கினது எண்டு எனக்குத் தெரியேல்லை. ரெண்டும் ஒண்டாத்தான் போனது. நான் பயப்பிடாமல் அதைக் கேட்டது இண்டைக்குத்தான்."

என்னுடைய இங்கிலீசில் முதலாளியம்மாவுக்குச் சொன்னேன்: "அக்கா இயர், ஓல் டைம் ஜிங்." அவ தடியைக் கீழே வைத்தா. உங்கள் காதைப் பார்த்து, பிறகு உங்கள் முகத்தைப் பார்த்து, முதுகை வளைத்துத் தலை குனிந்தா. குசினியில் சாப்பாடு பிந்தினால் கத்துகிற அந்த மனிசி!

கெற்றில் நிற்கவில்லை. அதை எழுதாவிட்டால் நீங்களே வந்து என் காதைத் திருகுவீர்கள். சில திங்கள்களில் முன்னையைவிட மோசமாகக் கொதித்தது. ஆனால் நீங்கள் அதை எதிர்த்து நிற்பதை விட்டீர்கள். ஜிங் தடியை முதலாளியம்மா உங்கள் கையிலேயே தந்துவிட்டா. என்னண்டு இப்படி இருக்கிறீர்கள் என்று ஒருநாள் பஸ்ஸில் கேட்டேன்.

"ஜிங்கின்ர சத்தத்தை ஒரு விருந்தாளியைப் போல பஸ் ஸ்டொப் மட்டும் கூட்டிக்கொண்டு போறன். அது பஸ் ஏறிப் போயிடும். பிறகு பாத்தால் பக்கத்தில என்ர சத்தம் நிக்குது. வா எண்டு அதைக் கூட்டிக்கொண்டு வீட்டை வாறன்."

சாமிமார் எவ்வளவு பெரிய புத்தகம் எழுதினாலும் இதைவிடத் தெளிவாக எழுதியிருக்க மாட்டார்கள் என்று எனக்கு ஒரு எண்ணம். நான் ஒன்றையும் வாசித்ததில்லை என்பது வேறு கதை.

ஒருநாள் காலை குசினிக்குள் வந்தேன். ஏதோ குறைந்த மாதிரி இருந்தது. கத்தி பலகையில் படுகிற சத்தம் கேட்டது. குழாயில் சொட்டுகிற சத்தம் கேட்டது. மேலே பார்த்தேன்.

"ஃபானை ஆர் நிப்பாட்டினது?"

"நான்தான்," என்று சொல்லிவிட்டு முள்ளங்கியை வெட்டிக்கொண்டிருந்தீர்கள். நான் உங்களைக் கட்டிப்பிடித்தேன். "கத்தி, கத்தி! விடடி விசரி!" என்று கத்தினீர்கள்.

இலையுதிர்காலத்தில் அவர்களுக்கு அறுவடைப் பெருநாள். ஒரு பெரிய ஹோல் எடுத்துக் கச்சேரி வைத்தார்கள். முதலாளியம்மா கயாகும் வாசிப்பா. முதலில் நீங்கள் ஜிங் அடித்து, கையைத் தூக்கிப் பிடிக்க வேண்டும். சத்தம் முடிந்தது என்று நீங்கள் கையை இறக்கினால்தான் அவ நரம்பைத் தொடுவா. இந்த ஊரில் மேடைக்கு அருகேகூடப் போகாத மனிசி நீங்கள். நான் எங்கள் ஆட்களில் கூப்பிடக்கூடிய எல்லாரையும் கூப்பிட்டு, பின்வரிசைகளை நிரப்பிவிட்டேன். எல்லாருக்கும் சோத்தாப் பாடமும் எடுத்திருந்தேன்.

தொடங்கக் கொஞ்ச நேரத்துக்கு முன் மைக் பெட்டி உங்களுக்குப் பக்கத்தில் கிறீச்சென்று கத்தியது. நீங்கள் காதைப் பொத்திக்கொண்டு நடைபாதைக்குப் போய்ச் சுவரில் சாய்ந்துவிட்டீர்கள். முகம் வெளிறிப் போயிருந்தது.

"ஏலாதடி. கெற்றில் இல்லை, முழு லோண்டரியும் உள்ளுக்கை ஓடுது. ஜிங் எனக்குக் கேக்காது. நான் கையை இறக்காமல் நிண்டால் முதலாளியம்மாவின்ர மானம் போயிடும்."

"அப்ப நான் போய் அடிக்கட்டோ?" என்றேன். "நான் அடிச்சால் நெருப்பு அலாரம் எண்டு சனம் ஓடிடும். பரவாயில்லையோ?"

உங்கள் உதடு துடித்தது. அழுகைதான் வரப்போகிறது என்று நினைத்தேன், சிரிப்பு வந்தது. சீலையைச் சரிசெய்தீர்கள். "தள்ளு. உன்னட்டைக் குடுக்கிறதைவிட லோண்டரியோட போறது நல்லம்."

மேடையில் அடித்தீர்கள். சத்தம் ஹோல் முழுக்க எழும்பி நடந்தது. உங்கள் கை மேலே. முன்வரிசையில் ஒரு குழந்தை சிணுங்கிக்கொண்டிருந்தது, அதுவும் வாயைத் திறந்தபடி நின்றுவிட்டது. சத்தம் மெலிந்தது. இன்னும் மெலிந்தது. எனக்கு முடிந்துவிட்டது. உங்கள் கை இறங்கவில்லை. முதலாளியம்மாவின் விரல்கள் நரம்புக்கு மேலே காற்றில் நிற்கின்றன. ஆரோ இருமினார்கள். என் மனிசன் என் முழங்கையை இடித்தார்.

"மறந்திட்டாவோ?"

"பேசாமல் இருங்கோ!"

நான் சொன்னேன், அக்கா. நான், ஒருத்தரைப் பேசாமல் இருக்கச் சொன்னேன்! பிறகு நானும் வாயை மூடினேன். அப்போதுதான் எனக்கும் கேட்டது. கூரையில் மழை. சுவரோரம் ஹீட்டர் முனகுகிறது. இவ்வளவு சனமும் மூச்சு விடுகிற சத்தம். என் காதுக்குள்ளேயே மெல்லிய ஒரு ரீங்காரம். இத்தனை வருசமும் என் வாய்ச் சத்தத்தில் நான் கேட்காமல் விட்டது. அதைக் கேட்டபடி எவ்வளவு நேரம் இருந்தேன் என்று தெரியாது. பயம் இல்லை, அவசரம் இல்லை. தியானம் என்றால் இதுதான் என்றால், அதை எனக்குத் தந்தது நீங்கள் தூக்கிப் பிடித்த அந்தக் கைதான்.

சுடுசட்டியை மேசையில் வைப்பது போல, பதனமாகக் கையை இறக்கினீர்கள். முதல் நரம்பு சுண்டப்பட்டது. அந்தச் சத்தத்தை இடது கை எடுத்து அசைத்த அசைவில் எனக்குப் பொறுக்கவில்லை. எழும்பி நின்று, தொண்டை கிழியக் கத்தினேன்: "சோத்தா!" மொட்டைத்தலையர் ஜாங்குவைத் தட்டித் திருப்பிக் கத்தினார். கொரியன்காரர் கத்தினார்கள். பின்வரிசையில் எங்கள் ஆட்கள் கூரை பறக்கக் கத்தினார்கள். பாதிப்பேர் உண்மையாகவே சோறு வருகிறது என்று நினைத்துத்தான் கத்தினார்கள், அது பரவாயில்லை. நீங்கள் மேடையில் ஜிங்கைப் பிடித்தபடி, லோண்டரியையும் காதுக்குள் வைத்துக்கொண்டு, சிரித்தீர்கள். நான் உங்களைப் பார்த்துத்தான் கத்தினேன். வாசித்த முதலாளியம்மாவைப் பார்த்தல்ல.

அடுத்த வருசம் காது கிளினிக்குக்குத் துணைக்கு வந்தேன். இளம் டொக்டர்ப் பிள்ளை. மொழிபெயர்க்க போனில் ஒரு தம்பி, தமிழ்நாட்டுப் பேச்சு. சத்தம் இப்போது எப்படி, கரைச்சல் தருகிறதா என்று கேட்டா டொக்டர்.

நீங்கள் யோசிக்கவே இல்லை. "அது அது பாட்டுக்கு இருக்குது. நான் என்ர பாட்டுக்கு இருக்கிறன்."

போனில் தம்பி திணறினார். "அம்மா, பாட்டுங்கிறீங்களா? சாங்கா?"

எனக்குள் இருக்கிற குறும்பு விடுமா? நீங்கள் வாய் திறக்க முன்னம் நான் போனுக்குக் கிட்டப் போனேன். "ஓம் தம்பி, சோங்தான்! அப்பிடியே சொல்லுங்கோ!"

அவரும் அப்படியே சொன்னார். அதற்கு ஒரு பாட்டு இருக்கிறது, எனக்கு ஒரு பாட்டு இருக்கிறது என்று. டொக்டர்ப் பிள்ளை தட்டச்சு அடிக்கிறதை நிறுத்தி, உங்களைப் பார்த்தா. தன்னிடம் வருகிறவர்களுக்குத் தான் எவ்வளவோ நாளாகச் சொல்ல முயற்சிக்கிறது இதைத்தானாம். இனி நீங்கள் இங்கே வரத் தேவையில்லை என்று கையைக் குலுக்கி அனுப்பினா.

வெளியே வந்ததும் என் தோளில் அடித்தீர்கள். "பிழையாயெல்லே சொல்ல வைச்சாய்!"

"சரியாத்தான் சொன்னவன் அக்கா. நீங்கள்தான் யோசிக்காமல் சொன்னனீங்கள்."

நீங்கள் சொன்னதை நீங்களே ஒருமுறை திருப்பிச் சொல்லிப் பார்த்தீர்கள். பிறகு அந்த ஆஸ்பத்திரி வாசலில், சனம் திரும்பிப் பார்க்கப் பார்க்க, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தீர்கள்.

அக்கா, எனக்கு முழங்கால் நோகிறது. என் மனிசன் குறட்டை விடுகிறார். வீட்டுக்கு மேலே பிளேன் போகிறது. நீங்கள் இல்லை என்கிறதும் ஒரு சத்தம்தான், விடாமல் உள்ளே ஓடிக்கொண்டிருக்கிறது. முதல் சில மாதம் அதை நிப்பாட்டப் பார்த்தேன். இப்போது பார்ப்பதில்லை. அது அது பாட்டுக்கு இருக்கிறது. நான் என் பாட்டுக்கு இருக்கிறேன், அதுவும் உரத்த குரலில்.